பொழுது விடியாத தேதி

நுழையும்முன்

காலம் இயற்கையின் ஓட்டம். நாள்காட்டி மனிதரின் படைப்பு. ஞாயிறும் திங்களும் தம் வழியே செல்கின்றன. அவற்றின் செலவை எண்ணி, வகுத்து, பெயரிட்டு, ‘இன்று இந்த நாள்’ என்று சொல்லத் தொடங்கியவர் மனிதர். கற்பனை உலகுக்கு நாள்காட்டி படைக்க முயன்ற ஒரு மாணவி, தான் வாழும் உலகின் நாள்காட்டியை அறிந்துகொண்ட கதையே இப்பாடம்.

ஒரு பயணச்சீட்டு

வடசென்னையின் பேசின் பிரிட்ஜ் பகுதியில் இரவு என்பது முழு அமைதி அன்று. சென்னை சென்ட்ரலிலிருந்து புறப்படும் தொடர்வண்டிகள் இங்கேதான் மேற்கு நோக்கியும் வடக்கு நோக்கியும் பிரிந்து செல்கின்றன. பெட்டிகளைத் தூய்மை செய்து பழுது பார்க்கும் பணிமனையில் விளக்குகள் அணைவதே இல்லை. அருகில் பக்கிங்காம் கால்வாய் கரிய நீருடன் கிடக்கிறது.

இருப்புப்பாதையை ஒட்டிய தெரு ஒன்றில் பதினொன்றாம் வகுப்பு மாணவி ஒருத்தி வாழ்ந்துவந்தாள். தந்தை பணிமனைத் தொழிலாளி. வாரந்தோறும் பணிநேரம் மாறும். பாட்டியை அவள் ‘ஆயா’ என்று அழைப்பாள். ஆயா நாற்பது ஆண்டுகள் காசிமேட்டில் மீன் வாங்கித் தெருத்தெருவாக விற்றவர். எழுத்துக்கூட்டிப் படிப்பார், நிலவின் பிறையைப் பார்த்தே கடல் எப்படி இருக்கும் என்று சொல்வார்.

ஆயாவின் தம்பி விசைப்படகுத் தொழிலுக்காகக் கேரளக் கடற்கரைக்குச் சென்று அங்கேயே குடியேறியவர். அவர் மகளுக்குச் செப்டம்பர் 15ஆம் நாள் காலையில் திருமணம். அழைப்பிதழில் மூன்று தேதிகள் இருந்தன: ஆங்கில நாள், தமிழ் ஆவணி நாள், கொல்லம் ஆண்டின் சிங்க மாத நாள். உறவினர் ஒருவர் பயணச்சீட்டு எடுத்துத் தந்தார். ஆயா அதைப் பேத்தியிடம் நீட்டி, “எப்போ வண்டி, பாத்துச் சொல்லு” என்றார். கதை எழுதிக்கொண்டிருந்த பேத்தி சீட்டை ஒருமுறை நோக்கிவிட்டு, “14ஆம் தேதி ராத்திரி பன்னிரண்டு பத்துக்கு, ஆயா” என்றாள்.

14ஆம் தேதி இரவு உணவை முடித்துக்கொண்டு, புதுப்புடவையும் வளையல் பெட்டியும் அடங்கிய பையுடன் ஆயா நிலையத்துக்குச் சென்றார். பேத்தி உடன் சென்றாள். சீட்டைப் பார்த்த பணியாளர் இரக்கத்துடன், “அம்மா, இது நேத்து ராத்திரியே போன வண்டி” என்றார். 13ஆம் தேதி நள்ளிரவு கடந்ததுமே 14ஆம் தேதி பிறந்துவிட்டது. அதற்குப் பத்து மணித்துளி கழித்து வண்டி புறப்பட்டுவிட்டது. அவர்கள் ஏறத்தாழ ஒரு நாள் தாமதமாக வந்திருந்தனர்.

ஆயா அழவில்லை. நெடுநேரம் சீட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, “பொழுது விடியாம தேதி எப்படிடி மாறும்?” என்று கேட்டார்.

பேத்தியிடம் விடை இல்லை. மறுநாள் காலை, திருமண வேளையில், ஆயா வாசலில் அமர்ந்து மேற்குத் திசை நோக்கிக் கும்பிட்டதை அவள் கதவருகே நின்று பார்த்தாள். தன் கண் ஒருமுறை கவனமாகப் படித்திருந்தால் ஆயா அங்கே இருந்திருப்பார் என்ற எண்ணம் அவளை விட்டு அகலவில்லை.

மிச்சமில்லாத உலகம்

அவள் எழுதிக்கொண்டிருந்த கதையில் ஒரு கற்பனை உலகம் இருந்தது. அவ்வுலகின் வானில் இரண்டு நிலவுகள். ஆண்டுக்கு 400 நாள், மாதம் பத்து, மாதத்துக்கு 40 நாள், வாரத்துக்கு எட்டு நாள். பெரிய நிலவு 40 நாளில் வளர்ந்து தேயும். சிறியது 20 நாளில். எல்லாம் மிச்சமின்றி வகுபட்டன. அந்த அட்டவணையைத் தன் தமிழாசிரியையிடம் பெருமையுடன் காட்டினாள். ஆசிரியை அதைப் பொறுமையாகப் படித்துவிட்டு, “அழகாக இருக்கிறது. ஆனால் உன் வானத்தில் மிச்சமே இல்லையே! நம் நாள்காட்டிகள் எல்லாம் மிச்சத்தை என்ன செய்வது என்ற சண்டையில் பிறந்தவை” என்றார்.

அந்தச் சொல் அவளைத் தேட வைத்தது.

பூமி ஞாயிற்றைச் சுற்றிவரும் பருவ ஆண்டின் அளவு ஏறத்தாழ 365.2422 நாள். ஓர் அமாவாசை முதல் அடுத்த அமாவாசை வரை சராசரியாக 29.53 நாள். பன்னிரண்டு திங்கள் சேர்ந்தால் 354 நாளுக்குச் சற்றே மேல். அதாவது, நிலவின் ஆண்டு ஞாயிற்றின் ஆண்டைவிட ஏறத்தாழ 11 நாள் குறைவு. நாளால் திங்களையும், திங்களால் ஆண்டையும் மிச்சமின்றி வகுக்க இயலாது. ஆகவே நாள்காட்டி படைப்பவர் எவராயினும் முதலில் ஒரு முடிவை எடுத்தாக வேண்டும்: எதன் வழி நடப்பது, எதை விட்டுக்கொடுப்பது?

இம்முடிவுகள் அனைத்தையும் வடசென்னையின் ஒரே தெருவில் காணலாம். இசுலாமியர் பின்பற்றும் ஹிஜ்ரி ஆண்டு முற்றிலும் நிலவின் வழி நடப்பது. எனவே ரமலான் ஆண்டுதோறும் ஏறத்தாழ 11 நாள் முன்னதாக வந்து, சுமார் 33 ஆண்டுகளில் எல்லாப் பருவங்களையும் சுற்றிவருகிறது. தெலுங்கு பேசும் குடும்பத்தாரின் உகாதி, நிலவையும் ஞாயிற்றையும் இணைக்கும் நாள்காட்டியைச் சேர்ந்தது. அதில் 19 ஆண்டுகளுக்கு ஏறத்தாழ ஏழு முறை ஒரு கூடுதல் மாதம் சேர்க்கப்படும். தமிழ் மாதங்கள் ஞாயிற்றின் வழி நடப்பவை. அண்டை வீட்டார் மூவர் மூன்று நாள்களில் புத்தாண்டு வாழ்த்துச் சொல்லிக்கொள்கின்றனர். வானம் மூவருக்கும் ஒன்றே.

தமிழ் மாதத்தின் நுட்பம்

ஞாயிறு ஓர் இராசியிலிருந்து அடுத்த இராசிக்குள் புகும் நேரமே தமிழ் மாதத்தின் பிறப்பு. பூமியின் பாதை முழுவட்டம் அன்று; நீள்வட்டம். சனவரித் தொடக்கத்தில் பூமி ஞாயிற்றுக்கு மிக அருகே விரைந்து செல்கிறது. சூலைத் தொடக்கத்தில் மிகத் தொலைவில் மெல்லச் செல்கிறது. இதனால்தான் மார்கழி 29 அல்லது 30 நாளில் முடிந்துவிடுகிறது. ஆனி 31 அல்லது 32 நாள் வரை நீள்கிறது. அரசரின் ஆணையால் நீண்டும் குறுகியும் அமைந்த மாதங்கள் அல்ல இவை. வானின் நடையை அப்படியே காட்டுபவை.

எனினும் இங்கும் ஒரு மிச்சம் எஞ்சுகிறது. ஞாயிறு இராசிக்குள் புகும் நேரம் காலையாகவும் இருக்கலாம், நள்ளிரவாகவும் இருக்கலாம். அந்த நாள் எந்த மாதத்தைச் சேர்ந்தது? தமிழ்நாட்டின் வழக்கில் அந்திக்கு முன் புகுந்தால் அன்றே மாதப் பிறப்பு. அந்திக்குப் பின் புகுந்தால் மறுநாள். கேரளத்தில் அந்த எல்லை பிற்பகல். வங்கத்தில் நள்ளிரவு. ஒரே வான நிகழ்வுக்கு மூன்று விடைகள். தேதி என்பது வானம் மட்டும் தருவதன்று, ஓர் ஊரார் தமக்குள் செய்துகொண்ட உடன்பாடும் கூட என்பதை அவள் இங்கே முதன்முறையாக உணர்ந்தாள்.

நாள் எப்போது தொடங்குகிறது என்பதிலும் அப்படியே. பஞ்சாங்கத்தின் நாள் ஞாயிறு எழும்போது பிறக்கிறது; ஹிஜ்ரியின் நாள் ஞாயிறு மறையும்போது பிறக்கிறது; தொடர்வண்டியின் நாள் ஊர் உறங்கும் நள்ளிரவில் பிறக்கிறது. ஆயா கேட்டது அறியாமையின் கேள்வி அன்று. அவர் வேறோர் உடன்பாட்டின்படி வாழ்ந்தவர்.

சோழிகளும் சொற்களும்

இத்தகைய கணக்குகளை முன்னோர் எவ்வாறு நினைவில் வைத்திருந்தனர்? அதற்கு ஓர் அரிய சான்று உண்டு. சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய ஜான் வாரன், தென்னிந்தியர் காலத்தைப் பகுக்கும் முறைகளைத் தொகுத்துக் ‘காலசங்கலிதம்’ என்னும் ஆங்கில நூலாக 1825இல் சென்னையில் வெளியிட்டார். புதுச்சேரியில் அவர் தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைச் சந்தித்தார். அக்கணிதர் தாளும் எழுதுகோலும் இன்றி, தரையில் சோழிகளை வைத்தும் எடுத்தும், மனப்பாடமான சொற்களின் துணையுடன், 1825 மே 31, சூன் 1 நாள்களுக்கு இடைப்பட்ட இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். கிரகணம் தொடங்கும் நேரத்தில் அவர் கணக்கின் பிழை நான்கு மணித்துளி, நடுப்பகுதியில் 23, முடிவில் 52.

அவர் பயன்படுத்திய முறையின் உயிர்நாடி 248 என்னும் எண். நிலவு பூமிக்கு மிக அருகே வந்து, விலகி, மீண்டும் அருகே வர ஏறத்தாழ 27½ நாள் ஆகிறது. அத்தகைய ஒன்பது சுற்றுகள் சேர்ந்தால் 248 நாள்; இங்கே மிச்சம் ஏறக்குறைய இல்லை. இதனால் 248 நாள்களுக்கும் நிலவின் இருப்பிடத்தைச் சிறு சிறு வாக்கியங்களாக அமைத்தனர். வாக்கியத்தின் ஒவ்வோர் எழுத்தும் ஓர் எண்ணைக் குறிக்கும். இதுவே வாக்கிய முறை. பழைய பாபிலோனியக் களிமண் பலகைகளிலும் இதே 248 நாள் சுற்று காணப்படுவதை, 1952இல் தமிழ் வானியல் குறித்து எழுதிய அறிஞர் ஆட்டோ நியூகெபவர் எடுத்துக்காட்டினார். மொழிகளையும் கடல்களையும் கடந்து வந்த ஓர் எண், புதுச்சேரித் தரையில் சோழியாக உருண்டது.

காலப்போக்கில் வாக்கியக் கணக்குக்கும் வானுக்கும் இடைவெளி தோன்றியது. அதனைச் சரிசெய்ய எழுந்தது திருக்கணித முறை. நோக்கிக் கண்டதற்கு ஏற்பக் கணக்கைத் திருத்துவது அதன் இயல்பு. சென்னை வானாய்வகத்தில் உதவியாளராகப் பணியாற்றி, 1867இல் மாறொளி விண்மீன் ஒன்றைக் கண்டறிந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி இம்முறையில் பஞ்சாங்கம் வெளியிட்டவர்களுள் ஒருவர். இன்றும் இருமுறைப் பஞ்சாங்கங்களும் தமிழ்நாட்டில் வழங்குகின்றன. சில விழாக்கள் இரண்டு நாள்களில் நிகழ்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

தெரிந்து தெளிவோம்

விடுதலைக்குப் பின் இந்தியாவில் முப்பதுக்கு மேற்பட்ட நாள்காட்டிகள் வழக்கில் இருந்தன. அவற்றை ஆராய 1952இல் இயற்பியல் அறிஞர் மேகநாத் சாகா தலைமையில் குழு அமைக்கப்பட்டது. அக்குழுவின் பரிந்துரைப்படி, சக ஆண்டை அடிப்படையாகக் கொண்ட தேசிய நாள்காட்டி 1957 மார்ச் 22 முதல் நடைமுறைக்கு வந்தது. தமிழ்நாட்டில் திருவள்ளுவர் ஆண்டு அரசு ஆவணங்களில் இடம்பெறுகிறது. கிறித்து ஆண்டுடன் 31ஐக் கூட்டினால் திருவள்ளுவர் ஆண்டு கிடைக்கும்.

இருப்புப்பாதை வகுத்த நேரம்

1856 சூலை 1ஆம் நாள் தென்னிந்தியாவின் முதல் பயணிகள் தொடர்வண்டி இராயபுரத்திலிருந்து வாலாஜா சாலை வரை ஓடியது. அதுவரை ஓர் ஊரின் நண்பகல் அவ்வூருக்கே உரியது. ஞாயிறு உச்சிக்கு வந்தால் நண்பகல். அடுத்த ஊருக்கு அது சற்று முன்னரோ பின்னரோ நிகழும். மாட்டுவண்டிப் பயணத்தில் அந்த வேறுபாடு எவருக்கும் தடையாகவில்லை. தொடர்வண்டிக்கோ ஒரே பாதையில் இரண்டு நேரங்கள் இருப்பது பேரிடர். பம்பாய் நேரத்துக்கும் சென்னை நேரத்துக்கும் மட்டும் ஏறத்தாழ அரைமணி வேறுபாடு இருந்தது.

கிழக்கே கல்கத்தாவுக்கும் மேற்கே பம்பாய்க்கும் ஏறக்குறைய இடையில் அமைந்திருந்தது சென்னை நேரம். நுங்கம்பாக்கத்தில் 1792இல் நிறுவப்பட்ட வானாய்வகத்தின் தீர்க்கரேகையைக் கோல்டிங்காம் 1802இல் கணித்திருந்தார். கிரீன்விச்சைவிட 5 மணி 21 மணித்துளி 14 நொடி முற்பட்டது அந்நேரம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இந்திய இருப்புப்பாதைகள் சென்னை நேரத்தையே தம் பொது நேரமாக ஏற்றன. 1906 சனவரி 1 முதல் இந்தியச் சீர்நேரம் நடைமுறைக்கு வந்தபோது சென்னையின் கடிகாரங்கள் 8 மணித்துளி 46 நொடி முன்தள்ளப்பட்டன. சென்னையின் உச்சிவேளை அன்றும் தன் இடத்திலேயே இருந்தது. கடிகார முள் மட்டும் இடம் மாறியது.

உணவுக்கான மணித்துளிகள்

கடிகாரம் தொடர்வண்டியுடன் நிற்கவில்லை; ஆலைக்குள்ளும் புகுந்தது. பேசின் பிரிட்ஜுக்கு அருகே பெரம்பூர்ப் பகுதியில் இயங்கிய பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகளின் சங்கொலியே சுற்றுப்புறத் தெருக்களின் பொழுதை வகுத்தது. ஞாயிற்றைப் பார்த்து எழுந்த ஊர், சங்கைக் கேட்டு எழத் தொடங்கியது. தொழிலாளரின் முதன்மைக் குறைகளுள் ஒன்று நண்பகல் உணவு இடைவேளை போதவில்லை என்பது. உண்ணவும், கைகழுவவும், மீண்டும் வாயிலுக்குள் நுழையவும் அந்தச் சிறுபொழுதுக்குள் முடியவில்லை. 1918 ஏப்ரல் 27இல் பி.பி. வாடியா தலைமையில், திரு.வி.க. முதலியோர் துணைநிற்க, சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. சில மணித்துளி மிச்சத்துக்காக ஒரு வரலாறு தொடங்கியது.

ஐந்து ஆண்டுகள் கழித்து, 1923 மே 1ஆம் நாள், சென்னைக் கடற்கரையில் ம. சிங்காரவேலர் மே நாளைக் கொண்டாடினார். இந்தியாவில் நிகழ்ந்த முதல் மே நாள் விழா அது. எட்டு மணி நேர வேலை என்னும் கோரிக்கையிலிருந்து பிறந்த அந்நாள், எந்த விண்மீனையும் சாராதது; எந்தப் பிறையையும் நோக்காதது. மீனவக் குடும்பத்தில் பிறந்த ஒருவர், உழைப்பவர்க்காக நாள்காட்டியில் ஒரு நாளைச் சேர்த்தார். அது இன்று அரசு விடுமுறை.

எதிர்மாறான சான்றுகளும் வரலாற்றில் உண்டு. பிரெஞ்சுப் புரட்சியாளர் 1793இல் புதிய நாள்காட்டி ஒன்றைப் படைத்தனர். 30 நாள் கொண்ட பன்னிரண்டு மாதங்கள். எஞ்சிய ஐந்து அல்லது ஆறு நாள் விழா நாள்கள். வாரத்துக்குப் பத்து நாள். கணக்கில் அழகு குறையவில்லை. ஆனால், ஏழு நாளுக்கு ஒருமுறை கிடைத்த ஓய்வு பத்து நாளுக்கு ஒருமுறையாகச் சுருங்கியது. 1806 தொடக்கத்தில் அந்நாள்காட்டி கைவிடப்பட்டது. சோவியத் நாடு 1929இல் ஐந்து நாள் வாரத்தைக் கொண்டுவந்து, தொழிலாளரைக் குழுக்களாகப் பிரித்து, வெவ்வேறு நாள்களில் ஓய்வளித்தது. ஆலைகள் ஓயவில்லை, ஆனால் கணவனுக்கு ஓய்வுள்ள நாளில் மனைவிக்கு வேலை என்னும் நிலை தோன்றியது. 1940இல் ஏழு நாள் வாரம் திரும்பியது. பணிநேரம் மாறி மாறி வரும் தந்தையின் வீட்டில் வளர்ந்த மாணவிக்கு இதனை விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

தமிழர் படைத்த கற்பனைக் காலம்

கற்பனை உலகங்களுக்கும் நாள்காட்டிகள் உண்டு. ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் தம் ‘மோதிரங்களின் தலைவன்’ நாவலின் பின்னிணைப்பில், சிற்றுருவ மாந்தரான ஹாபிட்டுகளின் நாள்காட்டியை விரிவாகத் தந்துள்ளார். மாதம் ஒவ்வொன்றுக்கும் 30 நாள். எஞ்சிய ஐந்து நாள்களில் இரண்டை ஆண்டின் எல்லையிலும் மூன்றைக் கோடையின் நடுவிலும் வைத்தார். கோடையின் நட்டநடு நாளுக்குக் கிழமையே இல்லை. அந்த மிச்ச நாள்கள் விழாவுக்கும் விருந்துக்கும் உரியவை.

அவள் இதைப் படித்தபோது ஆசிரியை வேறொன்றை நினைவூட்டினார். புனைந்த உலகுக்குப் பொழுது வகுப்பதைத் தமிழர் நெடுங்காலத்துக்கு முன்பே செய்துவிட்டனர் அல்லவா? அகத்திணை உலகம் முழுவதும் புலவர் படைத்த உலகமே. அங்கே குறிஞ்சிக்குக் கூதிரும் முன்பனியும் யாமமும் உரியவை; முல்லைக்குக் காரும் மாலையும்; பாலைக்கு வேனிலும் பின்பனியும் நண்பகலும்; மருதத்துக்கு வைகறை; நெய்தலுக்கு எற்பாடு. அந்நாள்காட்டியில் எண் இல்லை, தேதி இல்லை. காத்திருப்பவளுக்கு மாலை, சந்திப்பவர்க்கு யாமம், பிரிந்து செல்பவனுக்கு வெயில். மனித உள்ளத்தின் நிலைக்கு ஏற்ப வகுக்கப்பட்ட பொழுதுகள் அவை. “உன் நாள்காட்டியில் நாள் இருக்கிறது, அந்த நாளில் வாழும் ஆள் எங்கே?” என்றார் ஆசிரியை.

கடலோரத்தில் வாழ்பவர்க்கு இன்றும் நிலவு வெறும் காட்சி அன்று. முழுநிலவிலும் அமாவாசையிலும் கடலேற்றம் மிகும். நாளுக்கு ஏறத்தாழ 50 மணித்துளி பின்தள்ளி வரும். அதே கடலோரத்தில் அரசு வகுத்த மற்றொரு காலமும் உண்டு. மீன்களின் இனப்பெருக்கத்துக்காகக் கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் சூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குச் செல்வதில்லை. சித்திரைப் பிறப்பின் மறுநாள் காசிமேட்டில் படகுகள் கட்டப்படுகின்றன. மீனுக்காக மனிதர் வகுத்த அந்த நாள்களில், மீனை நம்பி வாழும் வீடுகள் கணக்குப் பார்த்து அடுப்பு மூட்டுகின்றன.

அடுத்த பயணம்

சில மாதங்கள் கழிந்தன. தம்பி மகளுக்கு வளைகாப்பு என்று செய்தி வந்தது. மீண்டும் அதே வண்டி. அதே பன்னிரண்டு பத்து. இம்முறை சீட்டு எடுத்தவள் பேத்தி. வீட்டுச் சுவரில் தொங்கிய நாள்காட்டியில், சீட்டில் அச்சிட்டிருந்த புதன்கிழமைத் தாளை அவள் தொடவில்லை. அதற்கு முந்தைய நாளின் தாளில், ஆயா படிக்கும்படி பெரிய எழுத்துகளில் எழுதினாள்: ‘செவ்வாய்க்கிழமை ராத்திரி சோறு தின்னதும் கிளம்பணும்.’

அவளுடைய கற்பனை உலகின் நாள்காட்டியும் அதற்குள் மாறியிருந்தது. ஆண்டுக்கு 403 நாள் என்று ஆக்கியிருந்தாள். பத்து மாதங்களுக்குள் அடங்காத அந்த மூன்று நாள்களுக்கு மாதம் இல்லை, கிழமை இல்லை. வண்டியைத் தவறவிட்டவர்கள், விழாவுக்கு வர இயலாதவர்கள், பணிநேரம் மாறியதால் சந்திக்க முடியாதவர்கள் ஆகியோர் தம்மவரைச் சென்று காணும் நாள்கள் அவை என்று எழுதியிருந்தாள். நாள் எப்போது பிறக்கும் என்ற கட்டத்தில் மட்டும் பலமுறை எழுதி அடித்த தடங்கள் இருந்தன.

செவ்வாய்க்கிழமை இரவு எட்டு மணிக்கே ஆயா பையுடன் வாசலில் அமர்ந்துவிட்டார். “இன்னும் நேரம் இருக்கு, ஆயா” என்றாள் பேத்தி.

“இருக்கட்டும். உன் தேதி எப்போ வேணா மாறும், எனக்கு நம்பிக்கை இல்லை” என்றார் ஆயா, சிரித்துக்கொண்டே.

வண்டி சென்ட்ரலை விட்டுப் புறப்பட்டுப் பேசின் பிரிட்ஜைக் கடந்தபோது புதன்கிழமை பிறந்து சிறிது நேரமே ஆகியிருந்தது. பணிமனையின் விளக்கொளியில் இரவுப் பணித் தொழிலாளர் பெட்டிகளைக் கழுவிக்கொண்டிருந்தனர்; அவர்களுள் தன் மகனும் இருப்பான் என்று ஆயா சன்னல் வழியே தேடினார். பொழுது இன்னும் விடியவில்லை.

கற்பவை கற்றபின்

1. உங்கள் வீட்டு நாள்காட்டித் தாள் ஒன்றில் உள்ள காலக்குறிப்புகளைப் பட்டியலிட்டு, அவற்றுள் வானம் தருவன எவை, மனிதர் வகுத்தன எவை எனப் பிரித்து எழுதுக.

2. பணிநேரம் மாறி மாறி அமையும் ஒருவரிடம் உரையாடி, அவருடைய ஒரு வாரப் பொழுதை விவரித்து ஒரு பக்க அளவில் எழுதுக.

3. ‘எஞ்சிய நாள்களை யாருக்கு அளிப்பது?’ என்னும் வினாவை அடிப்படையாகக் கொண்டு, நீங்கள் படைக்கும் உலகுக்கு ஒரு நாள்காட்டி அமைத்து, அதன் விதிகளை வகுப்பில் விளக்குக.

4. “பொழுது விடியாம தேதி எப்படிடி மாறும்?” என்னும் ஆயாவின் வினாவுக்கு உங்கள் விடை யாது? கலந்துரையாடுக.